ரஜூலா: டெக்கில் போனவர்களின் கப்பல்

மலாயாவுக்கு ஓடிய ரஜூலா கப்பலின் கணக்கு ஒன்றை முதலில் சொல்லிவிடுகிறேன். முதல் வகுப்பையும் இரண்டாம் வகுப்பையும் சேர்த்தால், கேபினில் படுத்துப் போகக்கூடியவர்கள் இருநூறு பேருக்கும் குறைவு. டெக்கில், அதாவது திறந்த மேல்தளத்திலும் அதற்குக் கீழே இருந்த வெறும் தளங்களிலும், ஏற்றிக்கொள்ள உரிமம் வாங்கியிருந்ததோ உச்சபட்சமாக 5,000 பேருக்கும் மேல். ஒவ்வொரு பயணத்திலும் அத்தனை பேர் ஏறினார்கள் என்று இல்லை. ஆனால் அந்த உரிமக் கணக்கே அந்தக் கப்பல் யாருக்காகக் கட்டப்பட்டது என்பதைச் சொல்லிவிடுகிறது.

பெரிய பயணிகள் கப்பல்களைப் பற்றி எழுதுகிறவர்கள் மாடிப்படியைப் பற்றி எழுதுவார்கள். சாப்பாட்டுக் கூடத்துச் சரவிளக்கைப் பற்றி, எந்தக் கோடீஸ்வரர் எந்த அறையில் தங்கினார் என்பதைப் பற்றி எழுதுவார்கள். ரஜூலாவை அப்படி எழுத முடியாது. எழுதினால் கப்பலில் இருந்த நூற்றில் ஐந்து பேரைக்கூட எழுதியதாகாது. மிச்சப் பேரெல்லாம் டெக்கில் பாயை விரித்துப் படுத்திருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் தமிழர்கள்.

நான் நாகப்பட்டினத்துக்காரன். எங்கள் பக்கத்தில் எழுபதைத் தாண்டியவர்களிடம் கப்பல் என்று பேச்செடுத்தால் ரஜூலா என்றுதான் பதில் வரும். "அவங்க அப்பாரு ரஜூலாவுல போனவரு" என்பது ஒரு குடும்பத்தைப் பற்றிச் சொல்லும் அடையாளம். எங்கள் அப்பாயியின் அண்ணனும் அப்படிப் போனவர்தான். அவர் கதை பிறகு. முதலில் கப்பலை யார் ஓட்டினார்கள் என்று பார்க்க வேண்டும், ஏனென்றால் அந்தக் கம்பெனியின் பெயர் தமிழ்நாட்டில் வேறொரு காரணத்துக்காகவும் ஞாபகத்தில் இருக்கிறது.

பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி. துறைமுகத்தில் பி.ஐ. என்றாலே போதும். கறுப்புப் புகைபோக்கி, அதில் இரண்டு வெள்ளைப் பட்டை. ஸ்காட்லாந்தின் கேம்பல்டவுனில் பிறந்த வில்லியம் மெக்கின்னனும், அதே நாட்டுக்காரரான ராபர்ட் மெக்கன்சியும் வங்காளத்தில் கூட்டாக வியாபாரம் செய்துவந்தவர்கள். மெக்கன்சி 1853இல் ஆஸ்திரேலியக் கடலில் கப்பல் மூழ்கி இறந்துபோனார். மெக்கின்னன் விடவில்லை. கல்கத்தாவுக்கும் ரங்கூனுக்கும் இடையே தபால் கொண்டுபோக ஆள் தேவை என்று கிழக்கிந்தியக் கம்பெனி அறிவித்தபோது அந்த ஒப்பந்தத்தைப் பிடித்தார். 1856இல் இரண்டு சிறிய நீராவிக் கப்பல்களோடு கல்கத்தா பர்மா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி பிறந்தது. 1862இல்தான் அதற்கு பிரிட்டிஷ் இந்தியா என்ற பெயர் வந்தது.

தபாலுக்கு அரசாங்கம் நிலையான பணம் கொடுக்கும். போர் வந்தால் துருப்பு ஏற்ற அரசாங்கமே கப்பலை வாடகைக்கு எடுக்கும். இந்த இரண்டும் கையில் இருந்தால் சரக்கு குறைந்த மாதத்திலும் கப்பல் ஓடும். மூன்றாவதாக ஒன்று தானாக வந்து சேர்ந்தது: மனிதர்கள். பர்மாவின் அரிசி ஆலைகளுக்கும், இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்கும், மலாயா ரப்பர் காடுகளுக்கும் இந்தியக் கரையிலிருந்து ஆள் போய்க்கொண்டே இருந்தது. இந்த மூன்றையும் தாங்குதூண்களாக வைத்துத்தான் பி.ஐ. பாரசீக வளைகுடாவுக்கும் கிழக்கு ஆப்பிரிக்காவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் விரிந்தது. 1914இல் பி அண்ட் ஓ கம்பெனியோடு இணைந்தபோது பி.ஐ.யிடம் 131 கப்பல்கள் இருந்தன. பி அண்ட் ஓ என்பது லண்டனில் பெரிய பெயர். கப்பல் எண்ணிக்கையில் அது பி.ஐ.யில் ஏறத்தாழப் பாதிதான். இரண்டையும் சேர்த்து ஆண்டவர் இன்ச்கேப் பிரபு, ஒருகாலத்தில் கல்கத்தாவில் மெக்கின்னன் மெக்கன்சி கம்பெனிக்கு உதவியாளராக வந்து சேர்ந்த ஜேம்ஸ் மெக்கே.

இந்தக் கம்பெனியோடுதான் வ.உ.சி., அதாவது வ.உ. சிதம்பரம் பிள்ளை, மோதினார்.

தூத்துக்குடி–கொழும்பு வழி பி.ஐ.யின் கையில் இருந்தது. தூத்துக்குடியில் அதற்கு ஏஜென்டுகள் ஏ அண்ட் எஃப் ஹார்வி. 1906 அக்டோபரில் வ.உ.சி. தொடங்கிய சுதேசி ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி பதிவானது. மூலதனம் 10 லட்சம் ரூபாய், ஒரு பங்கு 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். தலைவர் பாண்டித்துரைத் தேவர். 25 ரூபாய் என்று வைத்ததில்தான் வ.உ.சி.யின் மனசு தெரிகிறது. ஜமீன்தாரும் வாங்கலாம், கடைத்தெரு வியாபாரியும் வாங்கலாம். 1907இல் காலியா, லாவோ என்ற இரண்டு கப்பல்கள் வந்து சேர்ந்தன.

பி.ஐ. கட்டணத்தைக் குறைத்தது. சுதேசிக் கம்பெனியும் குறைத்தது. பிறகு பி.ஐ. சும்மாவே ஏற்றிப்போகிறேன் என்றது, ஏறுகிறவருக்குக் குடையும் கொடுத்தது. குடைக் கதையைப் பள்ளிக்கூடத்திலேயே படித்திருப்பீர்கள். அந்தக் குடைக்குப் பின்னால் இருந்த பணம் எங்கிருந்து வந்தது என்று பள்ளிக்கூடத்தில் சொல்லவில்லை. நூற்றுக்கு மேற்பட்ட கப்பல்கள், தபால் ஒப்பந்தங்கள், ரங்கூன் வழி, மலாயா வழி, வளைகுடா வழி. ஒரு வழியில் நஷ்டம் வந்தால் இன்னொரு வழியின் லாபம் தாங்கும். இரண்டே கப்பல் வைத்திருந்தவர்களுக்கு அந்த வசதி இல்லை. அப்படியும் மக்கள் சுதேசிக் கப்பலில் காசு கொடுத்து ஏறினார்கள். 1908 மார்ச் 12ஆம் தேதி வ.உ.சி. கைதானார். ஜூலையில் இரட்டை ஆயுள் தண்டனை. 1911இல் கம்பெனி கலைக்கப்பட்டது.

ஏப்ரல் 5ஆம் தேதியைத் தேசியக் கடல்சார் தினமாக நாம் கொண்டாடுகிறோம். 1919இல் சிந்தியா என்ற இந்தியக் கம்பெனியின் லாயல்டி கப்பல் பம்பாயிலிருந்து லண்டனுக்குக் கிளம்பிய நாள் அது. நல்ல விஷயம், கொண்டாட வேண்டியதுதான். அதற்குப் பன்னிரண்டு வருஷம் முன்பே தூத்துக்குடியில் கப்பல் ஓடியதையும் அந்த மேடையில் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பது என் ஆசை.

சுதேசிக் கம்பெனி போன பிறகு இந்தக் கரையில் பி.ஐ.க்குத் தடை சொல்ல ஆளில்லை. பதினைந்து வருஷம் கழித்து, 1926இல், கிளாஸ்கோவில் பார்க்லே கர்ல் கப்பல்கட்டும் தளத்தில் ரஜூலா கட்டப்பட்டது. அதே வருஷம் டைன் நதிக்கரையில் ஹாதார்ன் லெஸ்லி தளத்தில் அதன் ஜோடிக் கப்பல் ரோனா. இரண்டும் மெட்ராஸ்–நாகப்பட்டினம்–பினாங்கு–சிங்கப்பூர் வழிக்கென்றே திட்டமிடப்பட்டவை. ஏறத்தாழ 8,500 டன், 145 மீட்டர் நீளம், இரட்டை புரொப்பெல்லர், நீராவி என்ஜின், 12, 13 நாட் வேகம். அந்தக் காலத்து அட்லாண்டிக் கப்பல்களோடு பக்கத்தில் நிறுத்தினால் சின்னதுதான், மெதுவானதும்கூட. ரஜூலாவை யாரும் வேகத்துக்காகக் கட்டவில்லை.

ஏன் 1926? ரப்பர்தான் காரணம். மலாயா, இலங்கை ரப்பர் உற்பத்தியை பிரிட்டிஷ் அரசு 1922இலிருந்து கட்டுப்படுத்தி வைத்திருந்தது. 1925இல் விலை எகிறியது. தோட்டங்களுக்கு ஆள் வேண்டும், உடனே வேண்டும். 1926 என்ற ஒரே வருஷத்தில் 1,70,000க்கும் மேற்பட்ட தென்னிந்தியர்கள் மலாயாவில் போய் இறங்கினார்கள். அதற்கு முன்னும் பின்னும் எந்த வருஷத்திலும் அத்தனை பேர் போனதில்லை. பி.ஐ. காலம் பார்த்துத்தான் இரண்டு கப்பலை இறக்கியிருக்கிறது.

ஒப்பந்தக் கூலி முறை மலாயாவில் 1910லேயே முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு கங்காணி முறை. தோட்டத்தில் வேலை பார்க்கும் ஒருவரையே ஊருக்கு அனுப்பி, சொந்தபந்தங்களையும் ஊர்க்காரர்களையும் கூட்டிவரச் சொல்வார்கள். கப்பல் செலவை மலாயாவில் இருந்த குடியேற்ற நிதி பார்த்துக்கொள்ளும். தோட்ட முதலாளிகள் அதற்குப் பணம் கட்ட வேண்டும். அதனால் ரஜூலாவின் டெக்கில் இருந்தவர்களில் பாதிப்பேருக்குத் தங்கள் டிக்கெட் என்ன விலை என்றே தெரியாது. கங்காணி கூப்பிட்டார், டிப்போவில் வைத்தார்கள், அம்மை குத்தினார்கள், ஏற்றினார்கள். டிப்போக்கள் இரண்டு: ஒன்று ஆவடியில், இன்னொன்று எங்கள் நாகையில். ஆவடி என்றால் இன்றைக்கு டாங்க் தொழிற்சாலை ஞாபகம் வருகிறவர்கள், ஒருகாலத்தில் அங்கே மலாயாவுக்குப் போகிறவர்கள் காத்துக் கிடந்தார்கள் என்பதையும் தெரிந்துகொள்ள வேண்டும்.

கங்காணி கூப்பிட்டுப் போனவர்கள் மட்டுமல்ல. சொந்தக் காசில் போன செட்டிநாட்டுக்காரர்கள் இருந்தார்கள். பினாங்கிலும் சிங்கப்பூரிலும் வட்டிக்கடை வைத்தவர்கள். நாகூர், காரைக்கால் மரைக்காயர்கள் இந்தக் கப்பல் வருவதற்குப் பல தலைமுறை முன்பிருந்தே அந்தக் கரைக்குப் போய்வந்தவர்கள். நாகூர் ஆண்டவர் பெயரில் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் 19ஆம் நூற்றாண்டிலேயே தர்கா எழுந்துவிட்டது. கடையநல்லூர், தென்காசிப் பக்கத்து முஸ்லிம்கள் சிங்கப்பூர்த் துறைமுகத்தைச் சுற்றிக் குடியிருந்தார்கள். வாத்தியார்கள், குமாஸ்தாக்கள், நாதஸ்வரக்காரர்கள், கோயில் பட்டர்கள். எல்லாருக்கும் ஒரே டெக்.

மெட்ராஸில் ஏறுவது சுலபம். கப்பல் துறைமுகத்துக்குள் சுவரோரமாக வந்து நிற்கும். நாகப்பட்டினத்தில் அப்படி இல்லை. இங்கே ஆழம் கிடையாது. கடுவையாற்று முகத்துவாரத்திலிருந்து படகில் ஏற்றிக்கொண்டு, கடலில் வெகு தூரம் தள்ளி நங்கூரம் போட்டு நிற்கும் கப்பலுக்குக் கொண்டுபோவார்கள். முகத்துவாரத்து மணல்திட்டைத் தாண்டும்போது அலை தூக்கிப் போடும். அதுவரை கடலையே பார்த்திராத உழவர்கள், கைக்குழந்தையோடு பெண்கள், வெங்கலப் பாத்திர மூட்டை, டிரங்குப் பெட்டி, எல்லாம் ஒரு படகில். கப்பலின் பக்கத்தில் போய்ச் சேர்ந்ததும் அடுத்த சோதனை. படகு மேலும் கீழும் போகும், கப்பலின் ஏணி அசையாமல் நிற்கும். படகு மேலே எழும்பும் அந்த நொடியில் கையை நீட்ட வேண்டும், மேலே நிற்கும் ஆள் பிடித்து இழுப்பார். ஐப்பசி கார்த்திகையில் வாடைக்காற்றும் புயல்சின்னமும் இருக்கும்போது இதையெல்லாம் நினைத்துப் பார்க்கவே எனக்கு வயிற்றைக் கலக்குகிறது. பினாங்குக்குப் போவதில் மிக ஆபத்தான தூரம் வங்காள விரிகுடா இல்லை, நாகைக் கரைக்கும் ஏணிக்கும் நடுவில் இருந்த அந்தச் சில மைல்தான் என்று நான் கேட்ட பெரியவர்கள் எல்லாருமே சொல்லியிருக்கிறார்கள்.

ஏறியதும் இடம் பிடிக்க வேண்டும். பாயை விரித்து, பெட்டியை வைத்து எல்லை கட்டுவார்கள். முந்தி வந்தவருக்குக் காற்று வரும் இடம் கிடைக்கும், பிந்தி வந்தவர் கீழ்த்தளத்து இருட்டுக்குப் போக வேண்டும். மேல்தளத்தில் வெயிலுக்குக் கித்தான் கட்டியிருப்பார்கள். மழை வந்தால் அது போதாது, எல்லாரும் கீழே நெருக்கியடித்துக்கொள்ள வேண்டும். கீழே என்ஜின் சூடு, வாந்தி நாற்றம். பண்டாரி என்று அழைக்கப்பட்ட கப்பல் சமையல்காரர்கள் பெரிய அண்டாவில் சோறாக்கினார்கள். முதல் இரண்டு நாள் பாதிப்பேர் அதைத் தொடமாட்டார்கள், தலைசுற்றல். வீட்டிலிருந்து கட்டிவந்த புளிச்சோறும் நார்த்தங்காய் ஊறுகாயும்தான் அப்போது ஆகாரம், மருந்து இரண்டும். மூன்றாம் நாளிலிருந்து பேச்சு தொடங்கும். எந்த ஊர், யார் வீடு, எந்தத் தோட்டம்.

ஊரில் ஒரே தெருவில் நடக்கக்கூடாது என்று தடுக்கப்பட்டவர்கள் டெக்கில் பக்கத்துப் பக்கத்துப் பாயில் படுத்தார்கள். இதைப் பெரிதாக்கிச் சொல்ல நான் விரும்பவில்லை. கப்பலிலேயே தனியாக ஒதுங்கியவர்கள் இருந்தார்கள், தோட்டத்து லயன் வீடுகளிலும் சாதி கூடவே போய் இறங்கியது. ஆனாலும் கப்பலில் ஒரே குழாயில் தண்ணீர் பிடித்தார்கள், ஒரே அண்டாச் சோற்றுக்கு வரிசையில் நின்றார்கள். தஞ்சாவூர் ஜில்லாவின் பண்ணையிலிருந்து கிளம்பியவருக்கு அந்த ஒரு வாரம் என்னவாக இருந்திருக்கும் என்று யாரும் அப்போது எழுதி வைக்கவில்லை. எழுதத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் மேலே கேபினில் இருந்தார்கள்.

பினாங்கை நெருங்கியதும் கரை கண்ணுக்குத் தெரியும், ஆனால் இறங்க விடமாட்டார்கள். டெக் பயணிகளை முதலில் புலாவ் ஜெரெஜாக் என்ற தீவுக்குக் கொண்டுபோவார்கள். காலரா, அம்மைக்குப் பயந்து தனிமைப்படுத்தும் முகாம். துணியை வாங்கி ஆவியில் போட்டு எடுப்பார்கள். கேபின் பயணிகளுக்கு இது பெரும்பாலும் கிடையாது. கிருமிக்கும் டிக்கெட் வகுப்பு தெரியும் என்று நம்பியது போல இருந்தது அந்த ஏற்பாடு, எனக்கு இதைப் படிக்கும்போதெல்லாம் கோபம் வருகிறது.

பிறகு உலகப் பொருளாதார மந்தம். 1930இலிருந்து ரப்பர் விலை பாதாளத்துக்குப் போனது. தோட்டங்கள் ஆளைக் கழித்தன. மூன்று நான்கு வருஷங்களுக்குள் லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். நான்கு வருஷம் முன்பு ஆள் போதவில்லை என்று கட்டப்பட்ட அதே கப்பல்கள், ஆள் அதிகம் என்று திருப்பிக் கொண்டுவந்தன. பி.ஐ.க்கு இரண்டு திசையிலும் கட்டணம் கிடைத்தது. 1938இல் தோட்டக் கூலி குறைக்கப்பட்டதை ஒட்டி, உதவித்தொகையில் கூலியாட்கள் மலாயாவுக்குப் போவதை இந்திய அரசு தடை செய்தது. கங்காணிகளின் காலம் அதோடு முடிந்தது. அதற்குப் பிறகு ரஜூலாவில் போனவர்கள் சொந்தச் செலவில் போனவர்கள்.

எங்கள் அப்பாயியின் அண்ணன் அப்படித்தான், தடை வந்த பிறகு, பேராக்கில் ஒரு துணிக்கடைக்குக் கணக்கெழுதப் போனவர். இரண்டு வருஷத்தில் திரும்பி வந்து கல்யாணம் என்று பேச்சு. 1941 டிசம்பரில் ஜப்பான்காரன் மலாயாவுக்குள் நுழைந்தான். 1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் விழுந்தது. கப்பல் நின்றது, தபாலும் நின்றது. மூன்றரை வருஷம் இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் தொடர்பே இல்லை. பல்லாயிரம் தமிழர்கள் சயாம்–பர்மா ரயில் பாதைக்கு இழுத்துச் செல்லப்பட்டார்கள். திரும்பாதவர்கள் எத்தனை பேர் என்ற கணக்கு இன்றுவரை சரியாக இல்லை. அவர்களுக்காக இங்கே, மாயவரத்திலும் மன்னார்குடியிலும், தாலியைக் கழற்றுவதா வேண்டாமா என்று தெரியாமல் பெண்கள் காத்திருந்தார்கள். அப்பாயியின் அண்ணன் பிழைத்துக்கொண்டார். அவருடைய முதல் கடிதம் போர் முடிந்த பிறகு வந்தபோது, அவருக்காகப் பேசி வைத்திருந்த பெண்ணுக்கு வேறு இடத்தில் கல்யாணம் ஆகிவிட்டிருந்தது.

போரில் பி.ஐ. கப்பல்களை அரசாங்கம் துருப்புக் கப்பல்களாக எடுத்துக்கொண்டது. ரஜூலாவும் போனது, ரோனாவும் போனது. ரோனா திரும்பவில்லை.

1943 நவம்பர் 26. அல்ஜீரியக் கரைக்கு அப்பால் மத்தியதரைக் கடலில் கிழக்கு நோக்கி ஒரு கப்பல் வரிசை போய்க்கொண்டிருந்தது. ரோனாவில் ஏறத்தாழ 2,000 அமெரிக்கத் துருப்புகள் இருந்தார்கள். இந்தியாவுக்கு வந்து கொண்டிருந்தவர்கள், ஜப்பானுக்கு எதிரான போர்முனைக்கு. சாயங்காலம் ஜெர்மன் விமானங்கள் தாக்கின. ஒரு விமானம் போட்ட குண்டு சாதாரணமாகக் கீழே விழவில்லை. சிறகு வைத்த, ராக்கெட் பொருத்திய, விமானத்தில் இருந்தபடியே ரேடியோவால் திருப்பி ஓட்டக்கூடிய குண்டு அது. ஹென்ஷெல் 293 என்று பெயர். இன்றைய ஏவுகணைகளின் முன்னோடிகளில் ஒன்று. ரோனாவின் பக்கவாட்டில் புகுந்து வெடித்தது. உயிர்காப்புப் படகுகள் பல இறங்கவில்லை, கடலும் கொந்தளிப்பாக இருந்தது. இறந்தவர்கள் 1,100க்கும் மேல், அதில் 1,015 பேர் அமெரிக்கத் துருப்புகள். எதிரியின் தாக்குதலில் கடலில் ஒரே கப்பலில் அமெரிக்கா இத்தனை துருப்புகளை வேறெப்போதும் இழந்ததில்லை. புதுவகை ஆயுதம் என்பதால் விஷயத்தை மூடிவைத்தார்கள். பிள்ளை எப்படி இறந்தான் என்று தெரியாமலேயே பெற்றவர்கள் இறந்துபோனார்கள். 1990களில்தான் அமெரிக்காவில் அலபாமாவில் ஒரு நினைவுச்சின்னம் எழுந்தது.

ரோனாவில் வேலை பார்த்தவர்கள் பெரும்பாலும் இந்திய மாலுமிகள், லஸ்கர்கள். என்ஜின் அறையில் அடுப்புக்கு முன்னால் நின்றவர்கள், கயிறு இழுத்தவர்கள், சமைத்தவர்கள். அவர்களில் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் அன்று இறந்தார்கள். ரோனாவைப் பற்றி அமெரிக்காவில் இப்போது புத்தகங்களும் படமும் வந்துவிட்டன. அந்தப் படகுகள் ஏன் இறங்கவில்லை என்ற கோபத்தில் சிலர் மாலுமிகளையும் குறை சொன்னார்கள். கம்பெனி பராமரிக்காத துருப்பிடித்த கருவிக்குக் கப்பலின் மிகக் குறைந்த சம்பளக்காரன் பதில் சொல்ல முடியுமா? போர் வரும்வரை நாகையிலிருந்து நம்மவர்களைச் சுமந்து போன கப்பல் அது. அதன் முடிவு நம் ஊரில் யாருக்கும் தெரியாது.

ரஜூலா தப்பியது. போர் முடிந்ததும் பழுது பார்த்துப் பழைய வழிக்கே திரும்பியது. அந்த முதல் பயணங்களில் ஏறியவர்களுக்கு அது வெறும் கப்பலாக இருந்திருக்காது. ஆறு வருஷமாக முகம் பார்க்காத அப்பன், பிள்ளை, புருஷன் அதில்தான் வந்தார்கள்.

1950களும் 60களும்தான் இன்றைக்கு உயிரோடு இருப்பவர்கள் நினைவில் வைத்திருக்கும் ரஜூலா. இதற்குள் டெக் பயணிகளின் எண்ணிக்கை பெருமளவு குறைக்கப்பட்டு, கொஞ்சம் மூச்சுவிட இடம் கிடைத்திருந்தது. பாஸ்போர்ட் வந்துவிட்டது. 1953இல் மலாயா குடிநுழைவுச் சட்டத்தை இறுக்கியதால் புதிதாக வேலை தேடிப் போவது ஏறத்தாழ நின்றுவிட்டது. போய்வந்தவர்கள் ஏற்கெனவே அங்கே வேரூன்றியவர்கள்: பெண் பார்க்க வந்தவர்கள், பெற்றவர்களுக்குக் காரியம் செய்ய வந்தவர்கள், நாகூர் கந்தூரிக்கும் வேளாங்கண்ணித் திருவிழாவுக்கும் வந்தவர்கள். வரும்போது கோடாலித் தைலம், கம்பளிப் போர்வை, நைலக்ஸ் சேலை, டிரான்சிஸ்டர். போகும்போது அப்பளம், வடகம், ஊறுகாய் ஜாடி, பத்திரிகைகள். கப்பல் வந்த வாரத்தில் எங்கள் நாகைக் கடைத்தெருவே வேறு மாதிரி இருக்கும் என்பார்கள். லாட்ஜ், சாப்பாட்டுக்கடை, வண்டிக்காரர், படகுக்காரர், சுங்கத்துக்கு ஃபாரம் நிரப்பிக் கொடுப்பவர், இத்தனை பேர் பிழைப்பும் அந்த ஒரு கப்பலின் அட்டவணையில் இருந்தது.

1969ஐச் சொல்லாமல் விட முடியாது. மலேசியாவில் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு கட்டாயம் என்று சட்டம் வந்தது. சிவப்பு அடையாள அட்டைக்காரர்கள் என்று அவர்களைச் சொல்வார்கள். அங்கேயே பிறந்து அங்கேயே பால்மரம் வெட்டியவர்களிலும் பலர், காகிதம் எடுக்காததால், ஒரே நாளில் அந்நியர்கள் ஆனார்கள். அந்த வருஷம் மே 13 கலவரமும் சேர்ந்துகொண்டது. பல்லாயிரம் குடும்பங்கள் கப்பல் ஏறின. தாத்தா 1920களில் போன கப்பலிலேயே பேரன் திரும்பி வந்தான், பார்த்தே இராத ஊருக்கு. நாற்பது வருஷம் தாண்டியும் அதே வழியில் ஓடிய கப்பலுக்கு மட்டுமே இப்படி ஒரு விதி அமையும். இங்கே வந்தவர்களை ஊர் 'மலாயாக்காரர்' என்று அழைத்தது. சில குடும்பங்களுக்கு அந்தப் பெயர் இன்னும் போகவில்லை.

கம்பெனியின் கதை அதற்குள் முடிந்துகொண்டிருந்தது. விமானம் பயணிகளை எடுத்துக்கொண்டது. 1970களின் தொடக்கத்தில் பி அண்ட் ஓ தன் கம்பெனிகளையெல்லாம் ஒன்றாகக் கலைத்து அடுக்கியபோது, பி.ஐ. தனி நிர்வாகமாக இல்லாமல் போனது. 1973இல் ரஜூலாவை இந்தியக் கப்பல் கழகம் வாங்கி ரங்கத் என்று பெயர் மாற்றியது. அந்தமானில் உள்ள ஓர் ஊரின் பெயர் அது. நீண்ட நாள் ஓடவில்லை. 1974இல் உடைத்துவிட்டார்கள். பி.ஐ.யின் கடைசிப் பயணிகள் கப்பலான துவாரகா வளைகுடா வழியில் 1982 வரை ஓடியது. காந்தி படத்தில் அது தலைகாட்டுகிறது.

சென்னை–சிங்கப்பூர் வழிக்கு ரஜூலாவுக்குப் பதிலாக இந்தியக் கப்பல் கழகம் கொண்டுவந்த கப்பல் பிரெஞ்சுக் கப்பலாகப் பாஸ்தர் என்ற பெயரில் 1966இல் ஓடத் தொடங்கியது. ரஜூலாவைவிட இரண்டு மடங்கு பெரிது. அதற்கு இங்கே வைத்த பெயர் சிதம்பரம். பி.ஐ. கைவிட்ட வழியில் இந்தியக் கொடியோடு அந்தப் பெயரில் ஒரு கப்பல் ஓடியதை நினைத்தால் எனக்கு மனசு நிறையும். தூத்துக்குடித் துறைமுகத்துக்கு வ.உ.சி.யின் பெயர் 2011இல் வந்து சேர்ந்தது. அதற்கு முன்பே கடலில் அந்தப் பெயர் இருந்தது. 1985 பிப்ரவரியில், சிங்கப்பூரிலிருந்து சென்னைக்கு வரும் வழியில் எம்.வி. சிதம்பரத்தில் தீப்பிடித்தது. பலர் இறந்தார்கள். அதோடு தமிழ்நாட்டுக்கும் மலாயாக் கரைக்கும் இடையே பயணிகள் கப்பல் போக்குவரத்து நின்றது. இன்றுவரை திரும்பவில்லை. 2023இல் நாகையிலிருந்து காங்கேசன்துறைக்குக் கப்பல் விட்டபோது பார்க்கப் போனவர்களில் நானும் ஒருவன். கூட்டத்தில் இருந்த வயசாளிகள் பேசிக்கொண்டது இலங்கையைப் பற்றி இல்லை, பினாங்கைப் பற்றி.

ரஜூலாவைக் கட்டிய தளத்தின் வரைபடம், பி.ஐ.யின் பழைய ஆவணங்கள், கேப்டன்களின் நினைவுக் குறிப்புகள் எல்லாம் பிரிட்டனில் பத்திரமாக இருக்கின்றன. சிங்கப்பூர் தேசிய ஆவணக் காப்பகம் முதியவர்களைத் தமிழிலேயே பேசவைத்து ஒலிப்பதிவு செய்திருக்கிறது; அருமையான வேலை அது. நாம் இந்தப் பக்கத்தில் செய்தது குறைவு. நாகையில் அந்த டிப்போ இருந்த இடத்துக்கு ஒரு பலகைகூட இல்லை.

அதனால் படிக்கிற உங்களிடம் ஒரு வேலை சொல்கிறேன். வீட்டுப் பரணில் டிரங்குப் பெட்டி இருந்தால் இறக்கிப் பாருங்கள். பழைய பாஸ்போர்ட், டெக் டிக்கெட், அம்மை குத்திய சான்று, தோட்டத்திலிருந்து வந்த மணியார்டர் துண்டு, கப்பலில் எடுத்த போட்டோ, எது கிடைத்தாலும் படம் எடுத்து வையுங்கள். பெரியவர்கள் இருந்தால் அவர்களிடம் கேட்டு எழுதுங்கள்: எந்த வருஷம், நாகையா மெட்ராஸா, யாரோடு, எத்தனை நாள், டெக்கில் எந்தப் பக்கம் பாய் போட்டார்கள், என்ன சாப்பிட்டார்கள், ஜெரெஜாக் தீவில் எத்தனை நாள் வைத்தார்கள், முதலில் எந்தத் தோட்டம். பெயரையும் ஊரையும் தெளிவாக எழுதுங்கள், தேதி தெரியாவிட்டால் அந்த வருஷத்துப் புயலையோ கல்யாணத்தையோ அடையாளம் வையுங்கள். அப்பாயியின் அண்ணனிடம் இதையெல்லாம் யாரும் கேட்கவில்லை. அவர் கொண்டுவந்த கம்பளிப் போர்வை இருக்கிறது, அவர் எந்த மாதம் கப்பல் ஏறினார் என்பது எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியாது.